ஆறு வராத ஊருக்கு ஆறு வந்த கதை

மாம்பலத்திலிருந்து ஒரு வாசகி கடிதம் எழுதியிருக்கிறார். அவருடைய பேரன் உத்தியோக நிமித்தம் தென் அமெரிக்காவுக்குப் போயிருக்கிறானாம். போன இடத்திலிருந்து பாட்டிக்கு ஒரு படம் அனுப்பியிருக்கிறான். பெரு தேசத்தில் அமேஸான் நதிக்கரையில் இருக்கும் இக்கிட்டோஸ் என்ற ஊரின் படம். "கடல் மாதிரி ஆறு, கரை நெடுகப் படகு, படகிலிருந்து வாழைத்தாரும் கோழியும் இறங்குகின்றன. பார்க்கப் பார்க்க ஆசையாக இருக்கிறது. நம் பக்கத்தில் இப்படிக் குக்கிராமமாக இருந்து ஆற்றினால் வளர்ந்த ஊர் ஒன்றும் இல்லையா? இருந்தால் எழுதுங்களேன்" என்று கேட்கிறார்.

இல்லாமல் என்ன? காவேரிக் கரையிலும் தாமிரபரணிக் கரையிலும் விரலை மடக்கிப் பத்து ஊர் சொல்லிவிடலாம். ஆனால் சகோதரிகளே, நான் இன்று உங்களை அழைத்துக்கொண்டு போகப்போவது ஆறே எட்டிப் பார்க்காத ஒரு ஊருக்கு. கோபித்துக்கொள்ளாதீர்கள்! கண்ணாடி உடைந்த பிறகுதான் முகம் பார்க்கக் கண்ணாடி எவ்வளவு அவசியம் என்று தெரிகிறது. ஆறு ஓர் ஊருக்கு என்னவெல்லாம் செய்கிறது என்பதும் ஆறு இல்லாத ஊருக்குப் போனால்தான் தெரிகிறது.

முதலில் அந்த இக்கிட்டோஸ் சங்கதியைச் சொல்லிவிடுகிறேன். வெளியூரிலிருந்து அந்த ஊருக்குப் போகச் சாலையே கிடையாது. படகிலே போக வேண்டும், அல்லது ஆகாய விமானத்தில் போக வேண்டும். காட்டுக்கு நடுவே அப்படி ஒரு பட்டணம் எப்படி வளர்ந்தது? எல்லாம் ஆறு செய்த வேலைதான். ஆற்றிலே படகு வந்தது. படகு நின்ற துறையிலே கடை வந்தது. சென்ற நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டின் கடைசியில் ரப்பருக்குக் கிராக்கி ஏற்பட்டது. காட்டு மரத்துப் பாலை எடுத்துப் படகில் ஏற்றினார்கள். பணம் கொட்டியது. மாளிகைகள் எழும்பின. ஆறு சாலையாகவும் இருந்தது, வீட்டு வாசலில் தண்ணீராகவும் இருந்தது.

இந்த இரண்டையும் பிரித்துப் பாருங்கள். ஓர் ஆறு ஊருக்கு இரண்டு காரியம் செய்கிறது. சரக்கு வரவும் போகவும் வழி கொடுக்கிறது. குடிக்கவும் குளிக்கவும் தண்ணீர் கொடுக்கிறது. முதல் காரியத்தை எல்லாச் சரித்திரப் புத்தகங்களும் எழுதுகின்றன. இரண்டாவது காரியத்தை யாரும் அவ்வளவாக எழுதுவதில்லை. அது வீட்டுப் பெண்கள் சமாசாரம் அல்லவா!

சரி, இப்போது புறப்படலாம். உங்கள் பூஜை அறையில் ஒரு தீப்பெட்டி இருக்குமே, அதை எடுத்துப் பாருங்கள். காஸ் அடுப்புக்கு லைட்டர் வந்துவிட்டாலும் குத்துவிளக்குக்குத் தீக்குச்சிதானே? பெட்டியின் மேல் பொடி எழுத்தில் ஊர்ப் பெயர் போட்டிருக்கும். சிவகாசி, சாத்தூர், கோவில்பட்டி ஆகிய இந்த மூன்றில் ஒன்றாக இருக்கப் பெரும்பாலும் இடமுண்டு. நாம் போக வேண்டியது கோவில்பட்டிக்குத்தான். ஆனால் நேரே ரயிலில் போய் இறங்கினால் விஷயம் புரியாது. கரிசல் பூமியைப் பார்த்துவிட்டுப் போக வேண்டும். ஆகையால் நான் எட்டயபுரத்திலிருந்து தூத்துக்குடி சாலையில் பஸ் ஏறினேன்.

* * *

"எப்போதும்வென்றான் எல்லாம் எறங்கு!" என்று கண்டக்டர் கூவினார்.

ஊரின் பெயரைக் கேட்டீர்களா? ராஜாவுக்குக் கட்டியம் கூறுகிற மாதிரி இருக்கிறது அல்லவா? பக்கத்திலே ஓட்டப்பிடாரம், வ. உ. சிதம்பரம் பிள்ளை 1872-ல் பிறந்த ஊர். இந்தப் பக்கம் பாஞ்சாலங்குறிச்சி. அந்தப் பக்கம் கட்டபொம்மனை 1799-ல் தூக்கிலிட்ட கயத்தாறு. வெற்றியும் தோல்வியும் அடுத்தடுத்த வீட்டில் குடியிருக்கிற சீமை இது. எப்போதும்வென்றானில் சோலைசாமி கோயில் விசேஷம். திருவிழாவையொட்டி நடக்கும் மாட்டு வண்டிப் பந்தயத்துக்கு வெளியூர்க் காளைகளெல்லாம் வந்து சேரும்.

ஊரை ஒட்டி மதுரை - தூத்துக்குடி நான்கு வழிச் சாலை போகிறது. துறைமுகத்துக்குப் போகிற பெரிய பெரிய லாரிகள் காற்றைக் கிழித்துக்கொண்டு பறக்கின்றன. அமேஸானில் படகு போகிற மாதிரிதான். ஒரே ஒரு வித்தியாசம்: படகு துறைக்குத் துறை நிற்கும், இந்த லாரிகள் நிற்பதில்லை.

சாலையை விட்டு இறங்கினால் கரிசல். கரேலென்ற மண். கோடையில் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். வெடிப்பில் கையை விட்டால் முழங்கை வரை போகும். மழை பெய்துவிட்டாலோ களி. நாம் காலை எடுத்தாலும் செருப்பு நம்மோடு வராது. வருஷத்துக்குச் சராசரி 70 சென்டிமீட்டர் மழைதான். அதிலும் பெரும்பகுதி ஐப்பசி கார்த்திகையில் வந்தால் உண்டு. ஆனால் இந்த மண்ணுக்கு ஒரு நல்ல குணம். குடித்த தண்ணீரைச் சட்டென்று கக்கிவிடாது. மழை நின்ற பிறகும் வாரக் கணக்கில் வேருக்குக் கொடுத்துக்கொண்டே இருக்கும். ஆகையால்தான் மழைக்கு முந்தியே புழுதியில் விதைத்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கொண்டு உட்காருகிறார்கள். பருத்தி, கம்பு, சோளம், உளுந்து, பாசிப்பயறு, மல்லி, மிளகாய் எல்லாம் இப்படி மானம் பார்த்து விளைகிறவை. இப்போது மக்காச்சோளமும் சேர்ந்திருக்கிறது.

ஆக, பயிருக்குக் கரிசல் ஒரு மாதிரி வழி பண்ணிவிடுகிறது. மனுஷருக்கு? பயிருக்கு ஈரம் போதும். பானைக்குத் தண்ணீர் வேண்டுமே!

பஸ் நிற்கிற இடத்தில் வேப்ப மரத்தடியில் ஓர் ஆச்சி உட்கார்ந்திருந்தார். எண்பது வயதுக்குக் குறையாது. மடியில் ஒரு மஞ்சள் பை. கோவில்பட்டியில் மகள் வீட்டுக்குப் போகிறாராம். பக்கத்தில் உட்கார்ந்தேன்.

"ஆச்சி, இந்தப் பக்கம் ஆறு ஒன்றும் கிடையாதா?"

ஆச்சி என்னை ஏற இறங்கப் பார்த்தார். பட்டணத்துப் பெண் என்று தெரிந்துவிட்டது.

"ஆறா? மழை பேஞ்சா ஓடையிலே தண்ணி வரும், தாயி. வந்த மறுநாளு போயிரும். அங்கன ஒரு அணை கட்டியிருக்காக. பேஞ்ச வருசம் ரொம்பும். நாங்க சின்னப் புள்ளையா இருக்கையிலே ஊருணித் தண்ணிதான். அது வத்துனா ஓடைக்குள்ளே ஊத்துத் தோண்டுவோம். சிரட்டையிலே மோந்து மோந்து ஊத்துனா ஒரு கொடம் ரொம்ப அரைப் பொழுது ஆகும்."

"அரை நாளா?"

"பின்னே? மோந்து எடுத்தா ஊறணும்லா? ஊறுற வரைக்கும் உக்காந்திருக்கணும். நமக்கு முந்தி ஆளு இருந்தா அவுகளுக்கு அப்புறந்தான். வெள்ளென எந்திரிச்சிப் போனா வெயில் ஏறத்தான் வீட்டுக்கு வருவோம். பொண்ணு குடுக்க வந்தாக்கூட 'ஊருணி எம்புட்டுத் தூரம்'னு கேட்டுட்டுத்தான் தாம்பூலம் மாத்துவாக." ஆச்சி சிரித்தார். "ஊருக்குப் பேரு என்னமோ எப்பவும் வென்றான். தண்ணிகிட்ட மட்டும் எப்பவும் தோத்துக்கிட்டேதான் இருந்தோம், தாயி."

இதை ஆச்சி அழுதுகொண்டு சொல்லவில்லை. ஊர் விஷயம் சொல்கிற மாதிரிதான் சொன்னார். எனக்குத்தான் மனசு கணக்குப் போட்டது. ஒரு குடத்துக்கு அரைப் பொழுது என்றால் ஒரு வருஷத்துக்கு எவ்வளவு? ஓர் ஆயுசுக்கு எவ்வளவு? அந்த நேரத்தில் ஒரு பெண் குழந்தை எத்தனை வகுப்புப் படித்திருக்கலாம்?

ஆச்சியோடு நானும் புறப்பட்டுக் கோவில்பட்டிக்குப் போனேன்.

* * *

இப்போது கோவில்பட்டியைப் பற்றிக் கேளுங்கள். ஊருக்கு நடுவே செண்பகவல்லி அம்பாள் சமேத பூவனநாதர் கோயில். கோயிலைச் சுற்றி ஒரு சிறிய ஊர். எட்டயபுரம் ஜமீனைச் சேர்ந்தது. அந்தக் காலத்தில் பெரிய ஊர் என்றால் எட்டயபுரந்தான். அரண்மனை அங்கே, வித்வான்கள் அங்கே, சங்கீத மும்மூர்த்திகளில் ஒருவரான முத்துஸ்வாமி தீக்ஷிதர் 1835-ல் உயிர் நீத்ததும் அங்கே. கோவில்பட்டி அதன் நிழலில் இருந்தது.

இந்த ஊருக்கு ஆறு கிடையாது. வைப்பாறு வடக்கே சாத்தூர்ப் பக்கமாகப் போய், விளாத்திகுளம் வழியாகக் கடலுக்குப் போய்விடுகிறது. அதுவும் பெயருக்குத்தான் ஆறு. வருஷத்தில் பெரும் பகுதி மணல். தாமிரபரணி தெற்கே வெகு தூரத்தில். இரண்டு ஆறுகளும் கைவிட்ட மேட்டு நிலத்தில் ஊர் எப்படி வளரும்?

1876-ஆம் வருஷம் ஜனவரி மாதம் மதுரையிலிருந்து தூத்துக்குடிக்கு ரயில் ஓடியது. அந்தப் பாதை எட்டயபுரத்தைத் தொடவில்லை. கோவில்பட்டி வழியாகப் போனது. அவ்வளவுதான்! ஊரின் ஜாதகம் மாறிவிட்டது.

அதற்கு முந்தியே நம் கரிசல் பருத்திக்குச் சீமையில் மவுசு ஏற்பட்டிருந்தது. 1861 முதல் 1865 வரை அமெரிக்காவில் உள்நாட்டு யுத்தம் நடந்தபோது அங்கிருந்து பஞ்சு வராமல் இங்கிலாந்து ஆலைகள் தவித்தன. இந்தியப் பருத்திக்கு விலை எகிறியது. நம் பருத்திக்குத் திருநெல்வேலியின் பெயராலேயே 'டின்னவெல்லி' என்று உலகச் சந்தையில் பெயர். ஆனால் பொதியைத் தூத்துக்குடிக்கு மாட்டு வண்டியில் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். மழை பெய்தால் கரிசலில் வண்டி அச்சு வரை அமுங்கும். ரயில் வந்ததும் பொதியெல்லாம் ஸ்டேஷனைத் தேடி வந்தது. பொதியின் பின்னால் தரகர் வந்தார். தரகர் பின்னால் கடை வந்தது, சத்திரம் வந்தது, சந்தை வந்தது. 1891-ல் நூற்பாலையே வந்துவிட்டது. 1901-ல் விவசாய ஆராய்ச்சிப் பண்ணை ஏற்பட்டது. கருங்கண்ணிப் பருத்தியில் நல்ல ரகங்களைப் பொறுக்கி எடுத்துக் கொடுத்தது அந்தப் பண்ணைதான்.

ரயில் தொடாத எட்டயபுரத்திலும் ஒருவர் துணிந்து பஞ்சாலை வைத்துப் பார்த்தார். நஷ்டப்பட்டு நொடித்துப்போய், 1898-ல் காலமானார். அவர் யார் தெரியுமா? சின்னசாமி ஐயர். நம் மகாகவி பாரதியின் தகப்பனார்! வெள்ளைக்காரக் கம்பெனிகளின் போட்டி அவரை விழுத்தாட்டியது. எட்டயபுரத்துக்கு ஆலை நிலைக்கவில்லை. கவிதை நிலைத்தது. நம் கல்கி அவர்கள் முன்னின்று முயன்று பாரதிக்கு எழுப்பிய மணிமண்டபம் 1947-ல் அங்கே திறக்கப்பட்டது.

ஆக, ஆற்றின் முதல் காரியத்தை இங்கே ரயில் செய்தது. தண்டவாளந்தான் ஆறு, ஸ்டேஷன்தான் படகுத் துறை.

இந்த இடத்தில் மாம்பலத்து அம்மாளுக்கு ஓர் ஆச்சரியமான விஷயம் சொல்ல வேண்டும். அதே 1876-ல்தான் வேறொரு பிரயாணமும் நடந்தது. ஹென்றி விக்ஹாம் என்ற ஆங்கிலேயர் அமேஸான் பிரதேசத்திலிருந்து சுமார் 70,000 ரப்பர் விதைகளை மூட்டை கட்டி லண்டனுக்குக் கொண்டுபோனார். அவற்றிலிருந்து முளைத்த கன்றுகள் இலங்கைக்கும் மலாய் நாட்டுக்கும் வந்தன. அவை தோட்டங்களாகப் பெருகியதும் அமேஸான் ரப்பருக்குக் கிராக்கி போய்விட்டது. 1912-க்குப் பிறகு இக்கிட்டோஸின் செல்வம் வடிந்தது. அந்த மலாய்த் தோட்டங்களிலும் இலங்கைத் தோட்டங்களிலும் மரம் வெட்டிப் பால் எடுத்தவர்கள் யார்? நம் தமிழ் ஜனங்கள். அதே 1876-ல் பிறந்த தாது வருஷத்துப் பஞ்சத்தை நீங்கள் பாட்டிமார் வாயிலாகக் கேட்டிருப்பீர்கள். பஞ்சம் பிழைக்கக் கப்பலேறியவர்களில் பலருக்குத் தூத்துக்குடிதான் துறை. ரயில் பஞ்சுப் பொதியையும் கொண்டுபோனது, மனுஷரையும் கொண்டுபோனது.

* * *

ஊர் வளர்ந்தது. தண்ணீர்? ஆற்றின் இரண்டாவது காரியத்தை ரயில் செய்யவில்லையே! அதைச் செய்தவர்கள் பெண்கள். ஊர் ஜனத்தொகை பெருகப் பெருகக் கிணற்றடியில் குட வரிசை நீண்டது. ஆலைக்கு ஆள் வந்தார்கள், ஆளுக்குச் சோறு வேண்டும், சோற்றுக்குத் தண்ணீர் வேண்டும். அந்தத் தண்ணீரைச் சும்மாடு கூட்டித் தலையில் ஒன்று, இடுப்பில் ஒன்று என்று பல தலைமுறை சுமந்தார்கள். இந்தச் சுமை எந்த வரவு செலவிலும் எழுதப்படவில்லை. ஆனால் அதை எடுத்துவிட்டால் ஊர் ஒரு நாள் நின்றிருக்காது.

தலை ஒரு வேலை செய்தது. கை இன்னொரு வேலை செய்தது. சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922-ல் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டி செய்யக் கற்று வந்தார்கள். மறு வருஷம் சிவகாசியில் தொழில் பிறந்தது. வறண்ட காற்று குச்சி காய்வதற்குத் தோது. விவசாயம் இல்லாத மாதங்களில் வேலைக்கு ஆளும் கிடைக்கும். அந்தத் தொழில் சாத்தூருக்கும் கோவில்பட்டிக்கும் பரவியது. இங்கே யாரும் தொழிற்சாலை என்று சொல்வதில்லை. 'தீப்பெட்டி ஆபீஸ்' என்றுதான் சொல்வார்கள். குச்சி அடுக்குவது, பெட்டி ஒட்டுவது, அடைப்பது எல்லாம் பெரும்பாலும் பெண்களின் விரல்கள். ஆச்சியின் மகளும் இருபத்தைந்து வருஷம் தீப்பெட்டி ஆபீஸுக்குப் போனவள்.

"எனக்கு முதல் பள்ளிக்கூடமே தீப்பெட்டி ஆபீஸ்தான், அக்கா" என்று அவள் என்னிடம் சொன்னாள். விடியற்காலை இருட்டிலே ஆபீஸ் பஸ் கிராமத்துக்கு வரும். தூங்குகிற பிள்ளைகளை எழுப்பி ஏற்றிவிடுவார்கள். அப்படி ஒரு காலம் இருந்தது. மறைத்து என்ன பயன்? சிவகாசித் தீப்பெட்டி, பட்டாசுத் தொழிலில் குழந்தைகளை வேலைக்கு வைப்பது பற்றிய வழக்கில் 1996-ல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்புச் சொன்னது. அந்த நிலைமை பெரிதும் மாறியது. மகளுடைய மகள் இப்போது கல்லூரியில் கணக்குப் படிக்கிறாள். கரிசலில் நான் கண்ட பெரிய வளர்ச்சி இதுதான்.

தீப்பெட்டியின் விலை பதினான்கு வருஷம் ஒரு ரூபாயிலேயே நின்று, 2021 டிசம்பரில்தான் இரண்டு ரூபாய் ஆயிற்று. நாம் அப்போது "இரண்டு ரூபாயா!" என்று புருவத்தை உயர்த்தினோம். அந்த ஒரு ரூபாயில் எத்தனை விரல்கள் பங்கு கேட்க வேண்டும் என்று யோசித்தோமா? மலிவு லைட்டர் வந்து வயிற்றில் அடித்ததாகத் தொழிலில் இருப்பவர்கள் முறையிட்டதன் பேரில், 20 ரூபாய்க்குக் குறைந்த சிகரெட் லைட்டர் இறக்குமதிக்கு 2023-ல் தடை போட்டார்கள். ரப்பரை மட்டும் நம்பிய இக்கிட்டோஸ் பட்ட பாட்டைக் கோவில்பட்டியும் பட்டுவிடக் கூடாதே என்று எனக்குத் தோன்றியது.

* * *

கடைசியில் ஆறும் வந்தது. நிலத்தின் மேல் அல்ல, குழாய்க்குள்ளே!

தெற்கே திருநெல்வேலிக்குப் பக்கத்தில் சீவலப்பேரி என்று ஓர் ஊர். குற்றாலத்து அருவியாக விழுந்த சிற்றாறு வந்து தாமிரபரணியோடு கலக்கிற இடம். முக்கூடல் என்று பழைய பாட்டுக்களில் கொண்டாடிய பிரதேசம். அங்கிருந்து தண்ணீரை எடுத்துக் குழாய் வழியாக மேட்டுக் கரிசலுக்கு ஏற்றிக் கோவில்பட்டிக்குக் கொண்டுவந்தார்கள். 1964-ல் நகராட்சியான ஊர், 2011-ஆம் வருஷக் கணக்கின்படி சுமார் 95,000 ஜனங்கள் வாழ்கிற ஊராகிவிட்டது. அத்தனை பேருக்கும் ஒரு குழாய் காணுமா? பல நாளைக்கு ஒரு முறை தண்ணீர் என்றிருந்த காலமும் உண்டு. பிறகு இரண்டாவது குழாய்ப் பாதையும் போட்டார்கள்.

கோவில்பட்டிக் கடலை மிட்டாய் சாப்பிட்டிருப்பீர்கள். அதற்கு 2020-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. இந்தப் பக்கத்து நிலக்கடலை, வெல்லப் பாகு, பாகு காய்ச்சத் தாமிரபரணித் தண்ணீர் என்று மூன்றையும் சேர்த்துத்தான் அதன் ருசிக்குக் காரணம் சொல்கிறார்கள். ஆறு இல்லாத ஊரின் மிட்டாயில் ஆறு இனிக்கிறது, பார்த்தீர்களா!

ஆச்சியின் மகள் வீட்டுக் குழாயில் அன்று தண்ணீர் வரும் முறை. நாங்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே சளசளவென்று சத்தம். பேச்சு அப்படியே நின்றது. மகள் ஓடினாள், பேத்தி ஓடினாள், எண்பது வயது ஆச்சியும் எழுந்து ஓடினார்! குடம், சருவம், வாளி, டிரம் எல்லாம் நிரம்பிய பிறகுதான் ஆச்சி மறுபடி வந்து உட்கார்ந்தார்.

"இப்போ சௌகரியமாகிவிட்டதல்லவா, ஆச்சி?" என்றேன்.

"சௌகரியந்தான், தாயி. நான் பட்ட பாடு என் பேத்தி படலே. அது போதும். ஆனா ஒண்ணு. கொழா வந்தாச்சுன்னு எங்க ஊருணியை ஒருத்தரும் ஏறெடுத்துப் பாக்கலே. வேலிக்கருவை மொளைச்சுக் கெடந்துச்சு. நூறு நாள் வேலையிலே நாங்க பொம்பளைகதான் வெட்டி ஆழப்படுத்துனோம். மருமக வந்துட்டான்னு பெத்த மகளைத் தள்ளி வைப்பாகளா, சொல்லு?"

சகோதரிகளே, இந்த வாரம் நான் உங்களுக்குச் சொல்ல நினைத்ததை ஆச்சி ஒரு வாக்கியத்தில் சொல்லிவிட்டார்!

குழாய் நல்லது. அதைப் போல நல்லது வேறில்லை. ஆனால் குழாயின் அந்த முனையில் ஓர் ஆறு இருக்க வேண்டும். அந்த ஆற்றைத் தூத்துக்குடி கேட்கிறது, திருநெல்வேலி கேட்கிறது, வயல் கேட்கிறது, ஆலை கேட்கிறது. கேட்பவர் கூடிக்கொண்டே போகிறார்கள், ஆறு கூடவில்லை. கரிசல் ஜனங்கள் ஊருணியும் கண்மாயும் வெட்டி வைத்தது சும்மா அழகுக்கு அல்ல. பக்கத்து உருளைக்குடியைச் சேர்ந்த சோ. தர்மன் தம் ஊர்க் கண்மாயை வைத்தே 'சூல்' என்று ஒரு முழு நாவல் எழுதினார். அதற்கு 2019-ல் சாகித்ய அகாதெமி பரிசு கிடைத்தது. நாவல் எழுதும் அளவுக்குக் கண்மாயிலே கதை இருக்கிறது.

2023 டிசம்பரில் இந்த ஜில்லாவிலேயே காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 94 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. கோவில்பட்டிக்கு ஒரு வருஷம் முழுவதும் பெய்கிற மழையை விட அதிகம்! தாமிரபரணி கரை புரண்டது. வானம் கொடுக்கிறபோது அப்படியும் கொடுக்கும். வாங்கி வைக்கப் பாத்திரம் நம்மிடம் இருக்க வேண்டும். அந்தப் பாத்திரந்தான் ஊருணி.

"இது கரிசல் காட்டுக் கவலை, நமக்கென்ன?" என்று மாம்பலத்திலோ மயிலாப்பூரிலோ இருந்துகொண்டு சொல்லிவிட முடியுமா? 2019-ஆம் வருஷம் மறந்துபோயிற்றா? சென்னையின் ஏரிகளெல்லாம் வற்றி, ஜூலை மாதம் ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்ததே! ஐம்பது வாகன்களில் இருபத்தைந்து லட்சம் லிட்டர். அன்று தெருவில் பிளாஸ்டிக் குடத்தோடு லாரிக்குக் காத்திருந்தது யார்? நாம்தான். ஊத்துக்குப் பக்கத்தில் சிரட்டையோடு காத்திருந்த ஆச்சிக்கும் நமக்கும் அன்று என்ன வித்தியாசம்?

ஆகையால் மாம்பலத்து அம்மாளுக்கு என் பதில் இதுதான். ஆற்றங்கரையில் ஊர் வளர்வது பெரிய அதிசயமில்லை, அம்மா. ஆறு பாதி வேலையைச் செய்துவிடுகிறது. ஆறில்லாத ஊர் வளர்ந்ததுதான் அதிசயம். அந்தப் பாதி வேலையை ரயில் செய்தது. மீதிப் பாதியை நம்மைப் போன்ற பெண்கள் தலையில் தூக்கிச் செய்தார்கள். பேரனுக்குப் பதில் எழுதும்போது இதையும் எழுதுங்கள்.

அப்படியே ஒரு சிறு காரியம். நாளைக் காலையில் குழாயைத் திறக்கும்போது, இந்தத் தண்ணீர் எந்த ஏரியிலிருந்து வருகிறது என்று வீட்டிலே குழந்தைகளைக் கேட்டுப் பாருங்கள். தெரியாவிட்டால் ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த ஏரியைப் போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்; கையோடு கோவில்பட்டிக் கடலை மிட்டாய் இரண்டு பாக்கெட் எடுத்துக்கொண்டு போனால் குழந்தைகள் மறுக்காமல் வருவார்கள்.

நான் விடைபெற்றபோது ஆச்சி வாசல் வரை வந்தார். "வெயில்லே போறே, ஒரு வாய் தண்ணி குடிச்சிட்டுப் போ, தாயி" என்று செம்பை நீட்டினார். ஒரு சொட்டுக் கீழே சிந்தாமல் குடித்தேன்.